எழுபது கிலோ குறைகிறது

அன்று காலையும் வழக்கம்போல கணவன் மனைவி இரண்டு பேரும் எடை மேடையில் ஏறி நின்றார்கள்.

அது லாரிகளை நிறுத்தி எடை பார்க்கிற மேடை. தரைமட்டத்தில் நீளமான இரும்புத் தகடு, அதற்கு அடியில் ஆள் குனிந்து நுழைகிற அளவுக்குக் குழி, பக்கத்தில் ஜன்னல் வைத்த சின்ன அறை, அறைக்கு மேலே சிவப்பு எண்கள் ஒளிரும் பலகை. நாற்பது டன் தாங்கும். அப்பேர்ப்பட்ட மேடையில், அங்கே எடை போட்டுச் சீட்டுக் கொடுக்கிற அவள் கணவர் தினமும் முதலில் ஏற்றியது தன் மனைவியைத்தான். மெஷின் ஒழுங்காக இருக்கிறதா என்று பார்க்க வேறு வழி இல்லையாம். பத்தொன்பது வருஷமாக இதே சாக்கு.

பலகை நூற்று நாற்பது என்றது. பத்துப் பத்தாகத்தான் அதற்கு எண்ணத் தெரியும். அவர் இறங்கிக்கொண்டார். அறுபது என்றது.

"ரெண்டும் சரியா இருக்கு," என்றார். மெஷினையும் அவளையும் சேர்த்துத்தான்.

முதல் நாள் ராத்திரி அவள் தம்பியை முன்னிட்டு வீட்டில் சண்டை. வேலைவெட்டி இல்லாமல் எத்தனை நாள் இங்கேயே இருப்பான் என்று இவர் கேட்க, இன்னொரு வார்த்தை பேசினால் உங்கள் மண்டையை நானே உடைக்கிறேன் என்று அவள் கத்த, பக்கத்து அறையில் தம்பி தூங்குவதுபோல் நடிக்க, வீடு அமர்க்களப்பட்டது. காலையில் இருவருமே அதைப் பற்றிப் பேச்செடுக்கவில்லை. தூறலில் ஒரே குடைக்குள் நடந்து வந்ததே சமாதானம் ஆகிவிட்டதற்கு அடையாளம். குடை அவளுடையது. பச்சை நிறம், வெள்ளைப் புள்ளி. தூறல் நின்றுவிட்டதால் அதை அறையிலேயே வைத்துவிட்டு, பத்து நிமிஷ நடையில் இருக்கிற நூலகத்துக்கு வேலைக்குக் கிளம்பினாள்.

தினமும் ஒன்றேகாலுக்கு அவருக்குச் சாப்பாடு கொண்டு வருகிறவள் அவள். அன்று நூலகத்தில் புத்தகம் சரிபார்ப்பு, வர முடியாது என்றாள்.

"நான் பாத்துக்கறேன், போ," என்றார்.

இரண்டேகாலுக்கு நூலகத்துக்குப் போன் வந்தது.

*

ஆறாம் நாள் காலை அவள் கோர்ட்டுக்கு எதிரே தகரக் கூரை போட்ட ஒரு தட்டச்சுக் கடையில் உட்கார்ந்திருந்தாள். மடியில் ஒரு கம்பி. அதில் குத்திய எடைச் சீட்டுகள். எடை மேடை அறையிலிருந்து அவர் கண்ணாடியையும் பிளாஸ்கையும் எடுக்கப் போனபோது கையோடு கொண்டுவந்தது.

கடைக்காரி நாற்பது வயதுப் பெண். இருபது வருஷமாக மனு அடித்து அடித்து எல்லோரும் அவளைக் கார்பன் என்றுதான் கூப்பிட்டார்கள். சொந்தப் பெயரைச் சொன்னால் அவளே திரும்பிப் பார்க்க மாட்டாள். கைப்பிடி இல்லாத நாற்காலியில் உட்கார்ந்திருந்த பெரியவர் வாய்தா. அதே கோர்ட்டில் இருபத்தாறு வருஷம் பெஞ்ச் கிளார்க். வேலை பார்த்த காலத்தில் அவர் வாயிலிருந்து அதிகமாக வந்த சொல்லே அவருக்குப் பெயராகிவிட்டது. ஓய்வுக்குப் பிறகு, காணாமல் போன பத்திரம், காணாமல் போன சாட்சி, காணாமல் போன நியாயம் என்று தேடிக் கொடுப்பதைத் தொழிலாக வைத்திருந்தார். மூன்றாவது மட்டும் எப்போதாவதுதான் கிடைக்கும் என்று முன்கூட்டியே சொல்லிவிடுவார்.

அவள் நடந்ததைச் சொன்னாள். கணவர் அறைக்குள் செத்துக் கிடந்தார், தலையில் ஒரே அடி. அடித்த பொருள் கிடைக்கவில்லை. மெஷின் கடைசியாகச் சீட்டு அடித்தது ஒன்று ஐம்பத்திரண்டுக்கு. ஆக அதுவரை அவர் உயிரோடு இருந்திருக்கிறார் என்றது போலீஸ். இரண்டு பத்துக்கு வந்த அடுத்த லாரிக்காரர், அறைக்குள் அவள் தம்பி முழங்கால் வரை ஈரமாக நின்றதைப் பார்த்திருக்கிறார். நடுவில் வேறு யாரும் வரவில்லை. ஒன்று ஐம்பத்திரண்டுக்கு எடை போட்டுவிட்டுப் போன ஜல்லி லாரி டிரைவர், தான் கிளம்பும்போது தம்பி உள்ளே நுழைந்ததாகச் சாட்சி சொல்லியிருக்கிறார். போதாததற்குத் தம்பியே, நான்தான் அடித்தேன் என்று சொல்லிவிட்டான். அவளைப் பார்க்கவும் மறுக்கிறான்.

"போலீஸ்கிட்ட சொன்னது செல்லாது," என்றார் வாய்தா. "அதனாலதான் நேத்து மாஜிஸ்திரேட் முன்னாடி சொல்ல வச்சிருக்காங்க. அவர் உடனே எழுத மாட்டார். எழுதக் கூடாது. ஒரு நாள் யோசிச்சிட்டு வான்னு ஜெயிலுக்கு அனுப்பியிருப்பார். அந்த ஒரு நாள் இன்னிக்கு."

"நாளைக்கு?"

"பதினோரு மணிக்குக் கூப்பிடுவார். நீ சொல்லணும்னு கட்டாயம் இல்ல, சொன்னா உனக்கு எதிராப் போகும்னு எச்சரிப்பார். அப்புறமும் சொல்றேன்னா எழுதிக் கையெழுத்து வாங்கிடுவார். அதுக்கப்புறம் உன் தம்பியே வந்து நான் சொன்னது பொய்னாலும், ஏம்ப்பா அன்னிக்குச் சொன்னேன்னு மேல்கோர்ட் கேட்கும்."

அப்படியானால் இன்றே மாஜிஸ்திரேட்டிடம் போய், அவன் அப்படிப்பட்டவன் இல்லை என்று சொல்லலாமா என்று கேட்டாள். சொல்லலாம், ஆனால் கேட்க அவருக்கு அதிகாரம் இல்லை என்றார் வாய்தா. கொலை வழக்கை அவர் விசாரிக்க முடியாது. மேல்கோர்ட்டுக்கு அனுப்பத்தான் முடியும். இவன் செய்யவில்லை என்று விடுவிக்க முடியாது. ஜாமீன்கூடத் தர முடியாது. சொல்வது உண்மையா பொய்யா என்று நோண்ட முடியாது. யாரும் மிரட்டிச் சொல்ல வைக்கவில்லையே என்று மட்டும் பார்க்கலாம்.

"அவருக்கு என்னதான் சார் அதிகாரம்?" என்றாள் கார்பன்.

"ஃபேனைப் போடச் சொல்லலாம்."

"கரண்ட் இருந்தா."

அவள் சிரிக்கவில்லை. கம்பியிலிருந்து அன்றைய சீட்டுகளை உருவி மேஜைமேல் வைத்தாள். கடைசிச் சீட்டின் நகல் மெஷின் வாயிலேயே தொங்கிக்கொண்டிருந்ததாம். அதையும் கிழித்து எடுத்து வந்திருந்தாள். அந்த ஜல்லி லாரி ஒரு நாளைக்கு நாலு தடவை வரும். ஒவ்வொரு தடவையும் காலியாக ஒரு எடை, லோடு ஏற்றிக்கொண்டு ஒரு எடை. ஒன்றிலிருந்து இன்னொன்றைக் கழித்தால் ஜல்லி. கார்பன் காலி எடைகளை மட்டும் வரிசையாக அடுக்கினாள். முதல் மூன்று: ஒன்பதாயிரத்து நானூற்று எண்பது, எழுபது, எழுபது. கடைசி, ஒன்பதாயிரத்து நானூறு.

"எழுபது கிலோ எங்க போச்சு?" என்றார் வாய்தா.

டீசல் குறைந்திருக்கலாம் என்றாள் அவள். ஒரே ட்ரிப்பில் எழுபது கிலோ டீசல் குடித்தால் அந்த லாரியை டாக்டரிடம்தான் காட்ட வேண்டும் என்றாள் கார்பன். ஸ்டெப்னி டயரை இறக்கியிருக்கலாம் என்று தானே ஒரு சந்தேகத்தையும் கிளப்பினாள்.

அவள் கடைசிச் சீட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். லாரியில் வந்தவர்கள் எல்லோரும் லாரியிலேயே உட்கார்ந்திருந்தால்தான் அவள் கணவர் சீட்டு அடிக்கிற பட்டனைத் தொடுவார். காலி எடையின்போது டிரைவரும் கிளீனரும் இறங்கி நின்றுவிட்டு, லோடு எடையின்போது ஏறி உட்கார்ந்துகொண்டால், அவர்கள் எடையும் ஜல்லிக் கணக்கில் போய்விடும். இதை வைத்து டிரைவர்களோடு அவருக்கு வாரம் ஒரு தகராறு.

"அதாவது வீடு கட்டறவங்க தலையில டிரைவரையும் கிளீனரையும் சேர்த்துக் கட்டறது," என்றாள் கார்பன். "நாலு ட்ரிப்பும் வித்தாலும் ஆள் தீர மாட்டாங்க. நல்ல சரக்கு."

"ஆள் இறங்கியிருந்தா அவர் சீட்டு அடிக்க மாட்டார்," என்றாள் அவள். கடைசிச் சீட்டை வரிசையிலிருந்து தனியே நகர்த்தினாள். "அவர் இருந்திருந்தா இந்தச் சீட்டே வந்திருக்காது."

வாய்தா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். போலீஸ் அவர் உயிரோடு இருந்ததற்கு அத்தாட்சியாக வைத்திருந்த சீட்டு, அவர் அப்போது உயிரோடு இல்லை என்பதற்கு அத்தாட்சியாக மேஜையில் கிடந்தது.

*

மூவரும் போனபோது எடை மேடை மறுபடி திறந்திருந்தது. ஆள் கிடைக்காததால் முதலாளியே பட்டனை அழுத்திக்கொண்டிருந்தார். அவளைப் பார்த்ததும் எழுந்து நின்றார். என்ன பேசுவதென்று தெரியாமல், ஆறு நாளாகக் குழியில் தண்ணீர் வடியவில்லை என்று குறை சொன்னார்.

பதினொன்றரைக்கு அந்த ஜல்லி லாரி காலியாக வந்து மேடையில் ஏறியது. டிரைவரை அந்தச் சாலையில் ஹாரன் என்பார்கள். எதிரே யாரும் இல்லாவிட்டாலும் அடிக்கிற பழக்கம். பக்கத்தில் ஒல்லியாக ஒரு கிளீனர், உட்கார்ந்தபடியே தூங்கிக்கொண்டிருந்தார். பலகை ஒன்பதாயிரத்து நானூற்று எழுபது என்றது.

கார்பன் பின்பக்கம் போய்க் குனிந்து பார்த்தாள். ஸ்டெப்னி டயர் மாட்டியிருந்த போல்ட்டில் துருவும் சேறும் சேர்ந்து கல்லாகியிருந்தன. அதை இறக்க வேண்டுமானால் போன வருஷமே ஆரம்பித்திருக்க வேண்டும். நிமிர்ந்து, டிரைவர் ஜன்னலைத் தட்டி, "அண்ணே, பின் சக்கரத்துல காத்து இல்லபோல இருக்கே," என்றாள்.

ஹாரன் இறங்கினார். பலகை ஒன்பதாயிரத்து நானூறுக்கு வந்தது.

அவர் பின் டயர்களையெல்லாம் உதைத்துப் பார்த்துவிட்டு, காற்றெல்லாம் சரியாக இருக்கிறது, உங்கள் கண்ணைக் காட்டுங்கள் என்று சொல்லிவிட்டு ஏறிக்கொண்டார். பலகை மறுபடியும் நானூற்று எழுபதுக்குப் போனது. கார்பன் விடவில்லை. அந்தப் பக்கம் போய்க் கிளீனரை எழுப்பி, கதவில் துணி மாட்டியிருக்கிறது என்றாள். அவர் இறங்கித் தேடினார். பலகை ஒன்பதாயிரத்து நானூற்று இருபது என்றது. கிளீனர் ஐம்பது. அன்று குறைந்தது எழுபது.

லாரி போனது. ஹாரன் சத்தம் வளைவு திரும்பும்வரை கேட்டது.

அவள் ஜன்னல் வழியாக மெஷினைப் பார்த்தாள். இந்தப் பச்சைப் பட்டனை அவர் அழுத்துவதை ஹாரன் ஆயிரம் தடவை பார்த்திருப்பார். காலியாக மேடையில் ஏறி, இறங்கி, உள்ளே வந்து வழக்கமான தகராறைப் பண்ணி, தகராறு முற்றி, அப்புறம் ஒன்றும் நடக்காததுபோல் காட்ட, தானே பட்டனை அழுத்தியிருக்கிறார். தான் லாரியில் இல்லை என்பதையும் மெஷின் எழுதிவிடும் என்று தோன்றவில்லை. எழுபது கிலோவுக்காக நடந்த சண்டையில் அந்த எழுபது கிலோவையே மறந்துவிட்டார்.

"அப்ப தம்பி ஏன் நான்தான்னு சொல்றான்?" என்றார் வாய்தா, யாரையும் பார்க்காமல்.

அதற்குள் கார்பன் முதலாளியிடம் ஒரு கம்பியை வாங்கிக்கொண்டு, சேலையைத் தூக்கிச் செருகிக் குழிக்குள் இறங்கியிருந்தாள். முழங்கால் அளவு தண்ணீர். ஈரமாக நின்றவனைப் பற்றிக் கேட்டதிலிருந்து இந்தக் குழியின்மேல் அவளுக்கு ஒரு கண். வடிகால் குழாயில் கம்பியை விட்டு இழுத்தாள். தண்ணீர் வடிகிற சத்தம் கேட்டது. அவள் கையில் ஒரு குடை இருந்தது. பச்சை நிறம், வெள்ளைப் புள்ளி.

குடை மடித்துச் சுற்றி, பட்டை கட்டி, பட்டனும் போட்டிருந்தது.

அந்த வீட்டில் குடைக்குப் பட்டன் போடுகிற ஆள் ஒருத்தன்தான். சின்ன வயதிலிருந்தே அப்படி. நனைந்த குடையைக்கூடக் கட்டிவைத்துவிடுவான், அவள் திட்டுவாள். தம்பி உள்ளே வந்திருக்கிறான். மாமா கீழே கிடக்கிறார். பக்கத்தில் அக்காவின் குடை. அக்கா சாப்பாடு கொண்டு வந்துவிட்டுப் போகிற நேரம். ராத்திரி சுவர் வழியாகக் கேட்ட வார்த்தை. அவன் குடையைச் சுற்றினான், பட்டன் போட்டான், மழைத் தண்ணீர் இன்னும் வடியாத குழியில் இறங்கிக் குழாய்க்குள் திணித்தான், மேலே ஏறி வந்து, நான்தான் என்றான்.

"முட்டாள்," என்றாள் அவள். அங்கேயே உட்கார்ந்து அழுதாள்.

*

மறுநாள் சீட்டுகளையெல்லாம் எடுத்துக்கொண்டு மாஜிஸ்திரேட்டிடம் போகப் போகிறோம் என்றுதான் அவள் நினைத்திருந்தாள். வாய்தா சீட்டுகளைத் தன் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். மனுவில் குடையைப் பற்றி மட்டும் அடிக்கச் சொன்னார்.

"சீட்டைக் காட்டினா, இதைப் பார்க்க எனக்கு அதிகாரம் இல்லம்பார். சரியாத்தான் சொல்வார். அவரால முடியாததைக் கேட்டு என்ன புண்ணியம்? முடிஞ்சதைக் கேப்போம்."

பதினோரு மணிக்குக் கோர்ட்டில் கரண்ட் இருந்தது. இன்ஸ்பெக்டரை வெளியே போகச் சொன்னார்கள். வாக்குமூலம் எழுதும்போது போலீஸ் பக்கத்தில் இருக்கக் கூடாது. தம்பி ஜெயில் காவலர்களோடு கூண்டில் நின்றான். அவள் பக்கம் திரும்பவே இல்லை. மாஜிஸ்திரேட் ஒல்லியான மனிதர். பேனா மூடியைக் கழற்றினார்.

பெஞ்ச் கிளார்க் எழுந்து, ஒரு மனு இருக்கிறது என்றார். அவர் வாய்தாவிடம் தொழில் கற்றவர். வழக்கு சம்பந்தமாகக் கண்டெடுத்த ஒரு பொருளை ஒப்படைக்கும் மனு.

அரசு வக்கீல் ஆட்சேபம் தெரிவித்தார். இந்தக் கட்டத்தில் இதையெல்லாம் கோர்ட் பார்க்க முடியாது என்றார்.

"வாஸ்தவம்," என்றார் மாஜிஸ்திரேட். "இதுல எழுதியிருக்கிறது உண்மையான்னு பார்க்க எனக்கு அதிகாரம் இல்ல. குடையை வாங்கி வைக்கிற அதிகாரம் இருக்கு. யாரோடது, எங்க கிடைச்சது, எப்படி அங்க போச்சுன்னு தெரியாம நான் எப்படிங்க வாங்கறது? படிங்க."

பெஞ்ச் கிளார்க் படித்தார். எந்த மனுவையும் ஒரே குரலில் படிப்பவர் அவர்.

"மேற்படி குடை மனுதாரராகிய எனக்குச் சொந்தமானது. சம்பவத்தன்று காலை தூறல் நின்றுவிட்டபடியால் அதை என் கணவரின் அறையில் வைத்துவிட்டுச் சென்றேன். வழக்கத்துக்கு மாறாக அன்று மதியம் நான் சாப்பாடு கொண்டு செல்லவில்லை. காலை முதல் இரண்டேகால் மணிவரை நூலகத்தில் பதினோரு பேருடன் புத்தகம் சரிபார்த்துக்கொண்டிருந்தேன். எடை மேடையின் குழியில், வடிகால் குழாயில், பட்டன் போட்ட நிலையில் மேற்படி குடை கிடைத்தது."

பட்டன் என்ற இடத்தில் தம்பி தலையைத் தூக்கினான். முதல் தடவையாக அவளைப் பார்த்தான்.

"நீ வரலையாக்கா?"

கோர்ட்டில் கைதி அப்படிப் பேசக் கூடாது. பேச விடவும் மாஜிஸ்திரேட்டுக்கு அதிகாரம் கிடையாது. அவர் பேனா மூடியைத் தேடிக்கொண்டிருந்தார். அது அவர் இடது கையிலேயே இருந்தது.

"வரலடா," என்றாள் அவள்.

இந்த ஒரு வார்த்தையைத்தான் ஆறு நாளாக அவள் தனக்குள் சொல்லிச் சொல்லிச் செத்துக்கொண்டிருந்தாள். ஒன்றேகாலுக்குப் போயிருந்தால், அந்த அறையில் இரண்டு பேர் இருந்திருப்பார்கள். இப்போது அதே வார்த்தை தம்பியைக் கூண்டின் கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்க வைத்தது. அவன் தோள் குலுங்கியது.

மூடி கிடைத்துவிட்டது. மாஜிஸ்திரேட் அவனைக் கேட்டார்: நீ எதுவும் சொல்ல வேண்டும் என்று கட்டாயம் இல்லை, சொன்னால் உனக்கு எதிராகப் போகலாம், யாராவது வற்புறுத்தினார்களா, இன்னும் சொல்ல விருப்பம் இருக்கிறதா.

"இல்லங்கய்யா. எனக்குச் சொல்ல ஒண்ணும் இல்ல."

அவர் ஒரே ஒரு வரி எழுதினார். இவனை இனி போலீஸ் காவலுக்குக் கொடுக்கக் கூடாது, ஜெயிலுக்கே திரும்ப அனுப்பவும் என்றார். அப்படிச் சொல்ல அவருக்கு அதிகாரம் உண்டு. வீட்டுக்கு அனுப்பச் சொல்லத்தான் இல்லை. குடைக்கு ஒரு எண் போட்டார்கள்.

*

தாழ்வாரத்தில் இன்ஸ்பெக்டர் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். என்ன இவ்வளவு சீக்கிரம் முடிந்துவிட்டது என்றார். வாய்தா சட்டைப் பையிலிருந்து நாலு சீட்டையும் எடுத்து நீட்டினார்.

"இதைப் பார்க்க உள்ள இருக்கறவருக்கு அதிகாரம் இல்லையாம் சார். உங்களுக்குத்தான் எல்லா அதிகாரமும் இருக்கே."

இன்ஸ்பெக்டர் சீட்டுகளைப் பார்த்தார். கார்பன் எழுபது கிலோவின் கதையைச் சொன்னாள். டாக்டரிடம் காட்ட வேண்டிய லாரியையும் விடவில்லை. இன்ஸ்பெக்டர் சிரிக்கவில்லை, நாலாவது சீட்டை இரண்டாம் தடவை பார்த்தார். பிறகு ஜீப்பைக் கூப்பிட்டார்.

சாயங்காலத்துக்குள் கிளீனர் சொல்லிவிட்டார். மேடையில் அவர் அரைத்தூக்கத்தில் இருந்தாராம். அண்ணன் இறங்கிப் போனது தெரியும், திரும்பி வந்து அவசரமாக வண்டியை எடுத்ததும் தெரியும், அதற்கப்புறம் அன்று முழுக்க ஒரு தடவைகூட ஹாரன் அடிக்கவில்லை, அதுதான் பயமாக இருந்தது என்றார். டயர் கழற்றும் லிவர் சீட்டுக்கு அடியில் இருந்தது.

தம்பி வெளியே வர மேல்கோர்ட் கையெழுத்து வேண்டும். இன்னும் பத்து நாளாவது ஆகும் என்றார் வாய்தா. அதற்குள் அவன் அறையைக் கூட்டிவைக்கச் சொன்னார். அவள் தலையாட்டினாள். தம்பி வருவான். துடைத்துவைத்தாலும் கணவரின் நாற்காலிக்கு யாரும் வரப்போவதில்லை.

எடை மேடைக்கு வந்த இன்ஸ்பெக்டருக்குக் கடைசியாக ஒரு சந்தேகம் இருந்தது. மெஷினே தப்பாகக் காட்டியிருந்தால்? நாளைக்கு எதிர்த்தரப்பு வக்கீல் கேட்பாரே? எடை தெரிந்த ஏதாவது ஒன்றை ஏற்றிப் பார்க்க வேண்டும் என்று சுற்றுமுற்றும் பார்த்தார். முதலாளி ஒரு சிமெண்ட் மூட்டைக்காக ஆள் அனுப்பப் போனார்.

"வேண்டாம்," என்றாள் அவள். செருப்பைக் கழற்றிவிட்டு மேடைக்கு நடந்தாள். நடுவில், எப்போதும் நிற்கிற இடத்தில், இடது பக்கம் ஓர் ஆள் நிற்க இடம் விட்டு நின்றாள்.

பலகை கொஞ்சம் யோசித்துவிட்டு, அறுபது என்றது.